மர்மடியூக் என்றொரு பெயர்

கொஞ்சம் நீளமான பதிவு. நேரம் கிடைக்கும்போது ஆறுதலாக வாசியுங்கள்.

ஆங்கிலத்தில் குர்ஆன் மொழிபெயர்ப்பு என்றதும் நம் பக்கத்தில் இரண்டு பெயர்கள்தான் உடனே வாயில் வரும். ஒன்று அப்துல்லாஹ் யூசுப் அலி. மற்றது பிக்தால். பள்ளிவாசல் அலுமாரியில் அல்லது ஓய்வுபெற்ற ஆங்கில ஆசிரியர் யாருடையாவது வீட்டில் அந்தப் புத்தகம் இருக்கும். முழுப்பெயர் முஹம்மத் மர்மடியூக் பிக்தால். முஹம்மத் நமக்குத் தெரிந்த பெயர். பிக்தால் குடும்பப் பெயர். நடுவில் இருக்கும் அந்த மர்மடியூக் என்ன?

தரம் பத்துப் பிள்ளை ஒருத்தி அதைத் தொலைபேசியில் தேடிப் பார்த்துவிட்டு வந்து, "சேர், இது நாய்ட பேராம்" என்று சொன்னாள். அவள் சொன்னதிலும் உண்மை இருக்கிறது. அமெரிக்கப் பத்திரிகைகளில் 1954இல் தொடங்கிய ஒரு சித்திரக் கதை. பிராட் அன்டர்சன் என்பவர் வரைந்தது. வீட்டையே தலைகீழாக்கும் ஒரு பெரிய நாய்தான் கதாநாயகன், அதன் பெயர் மர்மடியூக். 2010இல் திரைப்படமாகவும் வந்தது. இன்று அந்தப் பெயரைத் தேடினால் குர்ஆனை மொழிபெயர்த்தவருக்கு முன்னால் நாய் வந்து நிற்கும். பெயர்களுக்கும் இப்படிக் காலம் கெட்டுப்போவதுண்டு.

ஆனால் அந்தப் பெயரின் வேர் நாயிலும் இல்லை, 'டியூக்' என்ற பிரபுப் பட்டத்திலும் இல்லை. கடைசி எழுத்துகள் தற்செயலாக அப்படி ஒலிக்கின்றன, அவ்வளவுதான். பெயராய்வாளர்கள் பெரும்பாலும் சொல்லும் விளக்கம் நம்மை அயர்லாந்துக்குக் கொண்டுபோகிறது. பழைய ஐரிஷ் மொழியில் 'மேல் மேடோக்' என்று ஒரு பெயர் இருந்தது. இது இரண்டு சொற்கள்.

முதலாவது 'மேல்'. நம் தமிழ் 'மேல்' அல்ல. அதன் பொருள் மொட்டை, மழித்த தலை. கிறிஸ்தவத் துறவிகள் அக்காலத்தில் தலைமுடியின் ஒரு பகுதியை மழித்துக்கொள்வார்கள். யாருக்காகத் தலையை மழித்தாரோ அவருக்கு ஊழியன் என்று அர்த்தம். ஆகவே மொட்டை என்ற சொல் மெல்ல மெல்ல 'அடியான்', 'ஊழியன்' என்ற பொருளுக்கு வந்துவிட்டது. (நம் ஊரில் 'மொட்டை' என்று பட்டப்பெயர் உள்ள நானாமார் இனிப் பெருமைப்பட்டுக்கொள்ளலாம்.)

இரண்டாவது 'மேடோக்'. இது ஒரு துறவியின் பெயர். அயர்லாந்தின் வெக்ஸ்போர்ட் பகுதியிலுள்ள பேர்ன்ஸ் என்ற இடத்தில் மடம் அமைத்து, அங்கே ஆயராகவும் இருந்தவர். வாழ்ந்த காலம் ஆறாம் நூற்றாண்டின் பிற்பகுதியும் ஏழாம் நூற்றாண்டின் முற்பகுதியும். அதாவது மக்காவிலும் மதீனாவிலும் நம் நபி (ஸல்) அவர்கள் வாழ்ந்த அதே காலம். அவருடைய இயற்பெயர் 'ஏத்'. ஐரிஷ் மொழியில் அதற்கு நெருப்பு என்று பொருள். கிறிஸ்தவம் வருவதற்கு முன்பே அங்கே வழங்கிய பழம் பெயர். அதற்கு முன்னால் 'என்' என்பதையும் பின்னால் 'சின்ன' என்பதையும் ஒட்டிச் செல்லமாகக் கூப்பிட்டார்கள்: மோ, ஏத், ஓக். சேர்த்துச் சொன்னால் மேடோக், 'என் சின்ன நெருப்பு'. அப்துல் காதரைக் காதர் என்றும், பாத்திமாவைப் பாத்தும்மா என்றும் நாம் கூப்பிடுகிற மாதிரியான ஒரு செல்லப் பெயர்தான் பிறகு ஒரு நாடே மதிக்கும் பெயராக நின்றுவிட்டது.

ஆக, மேல் மேடோக் என்றால் மேடோக்கின் அடியான். அப்துல்லாஹ், அப்துர் ரஹ்மான் என்று நாம் வைக்கும் பெயர்களின் கட்டமைப்பும் இதே. நம் கத்தோலிக்க அயலவர்களின் மரியதாஸ், அந்தோனிதாசன் எல்லாமே ஒரே அச்சில் வார்த்தவை. ஒரே ஒரு பெரிய வித்தியாசம் உண்டு, அது யாருக்கு அடியான் என்பதில். அதற்குப் பிறகு வருகிறேன்.

இந்த 'மேல்' தனியாக வந்த சொல் அல்ல. இன்னும் பல பெயர்களில் ஒளிந்திருக்கிறது. நமக்கு நன்றாகத் தெரிந்தது மல்கம். 'மேல் கொலும்', அதாவது புனித கொலும்பாவின் அடியான். ஸ்கொட்லாந்தின் பழைய மன்னர்கள் நால்வருக்கு அந்தப் பெயர். நம் கொழும்புப் பேராயர் கர்தினால் மல்கம் ரஞ்சித் ஆண்டகையின் பெயரிலும் அதே சொல்தான். மல்கம் எக்ஸின் பெயரிலும் அதுதான். அவர் 1925இல் மல்கம் லிட்டில் ஆகப் பிறந்தவர். 'லிட்டில்' அடிமை எசமானர்கள் கொடுத்த பெயர் என்று அதை வெட்டி எறிந்து எக்ஸ் போட்டார். 1964இல் ஹஜ் செய்துவிட்டு வந்து எல்ஹாஜ் மாலிக் எல்ஷபாஸ் ஆனார். ஆனாலும் உலகம் இன்றுவரை அவரை மல்கம் என்றுதான் கூப்பிடுகிறது. ஆங்கிலம் பேசும் முஸ்லிம்களில் பெரும் புகழ் பெற்ற இரண்டு பேர், ஒருவர் பிக்தால், மற்றவர் மல்கம். இருவர் பெயரிலும் ஐரிஷ் துறவிகளின் அதே மொட்டைத் தலை.

இன்னொன்று. பன்னிரண்டாம் நூற்றாண்டில் ஆர்மாவில் பேராயராக இருந்த புனித மலக்கி என்பவரின் சொந்த ஐரிஷ் பெயரும் மேல் மேடோக்தான். அவர் 1148இல் இறந்தார். இலத்தீனில் எழுதியவர்கள் வேதத்தில் வரும் மலாக்கி என்ற பெயரோடு அதைப் பொருத்திவிட்டார்கள். ஒரே பெயர், ஒரு வழியில் போய் மலக்கி ஆனது, இன்னொரு வழியில் போய் மர்மடியூக் ஆனது.

அந்த இன்னொரு வழி எது? கடல் வழி. ஒன்பதாம், பத்தாம் நூற்றாண்டுகளில் வைக்கிங்குகள் டப்ளினைப் பிடித்து ஆண்டார்கள். அதே ஆட்களே ஐரிஷ் கடலைத் தாண்டி வட இங்கிலாந்தில் யோர்க் நகரையும் ஆண்டார்கள். 954இல் எரிக் என்ற வைக்கிங் மன்னர் வீழ்ந்ததோடு யோர்க்கில் அவர்கள் ஆட்சி முடிந்தது. ஆனால் குடியேறிய குடும்பங்கள் அங்கேயே தங்கிவிட்டன. அயர்லாந்தில் பெண் எடுத்து, அயர்லாந்துப் பெயர்களையும் எடுத்துக்கொண்டு வந்த குடும்பங்கள் அவற்றில் இருந்தன. பிறகு 1066இல் நோர்மன்கள் பிரெஞ்சு மொழியோடு வந்தார்கள். 'மேல்' என்பது 'மர்' ஆனது. லகரம் ரகரமாவது ஒன்றும் அதிசயமல்ல, மொழிகளில் அடிக்கடி நடப்பது.

இதனால்தான் மர்மடியூக் இங்கிலாந்து முழுவதற்கும் உரிய பெயராக ஒருபோதும் இருக்கவில்லை. அது யோர்க்ஷயரின் பெயர். 'மர்மடியூக்' என்றால் வடக்கத்தி ஆள் என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்லலாம் என்ற நிலை நூற்றாண்டுக் கணக்கில் இருந்தது. கிழக்கிலும் நமக்கு இப்படி உண்டுதானே. ஆதம்பாவா, உதுமாலெவ்வை, மீராமுகைதீன் என்று ஒருவர் பெயரைச் சொன்னால் கொழும்பில் இருப்பவர் "நீங்க எந்தப் பக்கம், மட்டக்களப்பா அம்பாறையா?" என்று கேட்பார்.

யோர்க்ஷயரின் பழைய குடும்பங்கள் இந்தப் பெயரைத் தலைமுறை தலைமுறையாக வைத்தன. துவெங் குடும்பத்து சேர் மர்மடியூக் 1297இல் ஸ்டேர்லிங் பாலத்துப் போரில் இருந்தார். வில்லியம் வொலஸின் ஸ்கொட்லாந்துப் படை ஆங்கிலேயரைக் கூறுபோட்ட போர் அது. குறுகிய மரப்பாலத்தைக் கடந்த ஆங்கிலேயர் அக்கரையில் மாட்டிக்கொண்டார்கள். பலர் ஆற்றில் குதித்து மூழ்கினார்கள். இவர் மட்டும் குதிரையைத் திருப்பி, எதிரிகளின் நடுவாலேயே வெட்டிக்கொண்டு பாலத்தைத் தாண்டித் திரும்பி வந்தார். 1314இல் பனொக்பேர்னில் மறுபடியும் ஆங்கிலேயர் தோற்றபோது, போர் முடிந்த அடுத்த நாள் நேரே ரொபர்ட் புரூஸ் மன்னரிடம் போய்ச் சரணடைந்தார். புரூஸ் அவருக்கு விருந்து வைத்து, மீட்புப்பணம் எதுவும் வாங்காமல் ஊருக்கு அனுப்பிவைத்தார் என்று பழைய வரலாறு சொல்கிறது. எனக்கு அந்தக் காலத்து வீரக்கதைகளில் பெரிய ஆர்வம் கிடையாது. ஆனால் இந்தக் கடைசிச் சம்பவம் பிடிக்கும்.

கொன்ஸ்டபிள் குடும்பத்து சேர் மர்மடியூக் 1513இல் பிளொடன் போரில் ஒரு படைப்பிரிவை நடத்தினார், பிளாம்பரோ என்ற கடலோர ஊரில் அடக்கமானார். லாங்டேல் குடும்பத்து சேர் மர்மடியூக் 1645இல் நேஸ்பி போரில் மன்னர் முதலாம் சார்ள்ஸின் பக்கம் வடநாட்டுக் குதிரைப்படையை நடத்தித் தோற்றார். பட்டியலை இதோடு விடுகிறேன்.

பிறகு பெயர் மெல்ல மெல்லத் தேய்ந்தது. பெரிய வீட்டுப் பெயர், பழங்காலத்துப் பெயர், அதனாலேயே சிரிப்பு மூட்டும் பெயர் என்றாகிவிட்டது. வைத்திருந்தவர்களே அதை மறைத்துக்கொண்டார்கள். இரண்டாம் உலகப் போரில் பிரித்தானிய விமானப்படையின் மிகச் சிறந்த போர்விமானிகளில் ஒருவர், 1941 ஏப்ரல் 20இல் கிரேக்க வானில் கொல்லப்பட்டவர், மர்மடியூக் பட்டில். தோழர்களுக்கு அவர் வெறும் 'பட்'. 1986 முதல் 1996 வரை பிபிசியின் தலைவராக இருந்த மர்மடியூக் ஹஸியை எல்லோரும் 'டியூக்' என்றே கூப்பிட்டார்கள்.

இனி நம் மர்மடியூக்கிடம் வருவோம்.

1875 ஏப்ரல் 7இல் லண்டனில் பிறந்தார். தந்தை ஆங்கிலிக்கன் திருச்சபைப் போதகர், சபோக் மாவட்டத்தின் சில்லஸ்போர்ட் என்ற கிராமத்தில் பணி. தாய் மேரி, ஓ'பிரையன் என்ற ஐரிஷ் வழி வந்த கடற்படை அதிகாரியின் மகள். பிள்ளைக்கு வைத்த பெயர் மர்மடியூக் வில்லியம். தந்தை இவருடைய சின்ன வயதிலேயே இறந்துவிட்டார். ஹரோ பாடசாலையில் சிறிது காலம் படித்தார். பதினெட்டு வயதளவில் பலஸ்தீனுக்கும் சிரியாவுக்கும் போய், அரபு உடை உடுத்து, அரபு பேசப் பழகி, ஊர் ஊராகத் திரிந்தார்.

டமஸ்கஸில் நடந்ததை அவரே பிற்காலத்தில் எழுதியிருக்கிறார். உமையா பெரிய பள்ளிவாசலில் ஒரு மூத்த ஷெய்கிடம் அரபு இலக்கணம் படித்துக்கொண்டிருந்தபோது, தான் முஸ்லிமாக விரும்புவதாகச் சொல்லியிருக்கிறார். வேறு யாராக இருந்தாலும் அடுத்த நிமிடமே கலிமா சொல்லிக் கொடுத்திருப்பார்கள். அந்த ஷெய்க் சொல்லவில்லை. மகனே, இன்னும் வயது வரட்டும், உன் சொந்த நாட்டை மறுபடி பார்த்துவிட்டு வா என்றார். என் மகன் இப்படி அந்நிய ஊரில் தனியாக இருக்கும்போது ஒரு கிறிஸ்தவ ஆசிரியர் அவனிடம் எப்படி நடக்க வேண்டும் என்று நான் விரும்புவேனோ, அப்படித்தான் நானும் உன்னிடம் நடக்கிறேன் என்ற கருத்தில் பேசினார். ஒரு ஆசிரியனாக இந்தச் சம்பவத்தை நான் பல தடவை யோசித்திருக்கிறேன். அந்த ஷெய்க் மாணவனுக்குப் பின்னால் நின்ற குடும்பத்தையும் பார்த்திருக்கிறார்.

பிக்தால் இருபது வருடத்துக்கு மேல் பொறுத்தார். அதற்குள் நாவலாசிரியராகப் பெயர் எடுத்துவிட்டார். 1903இல் வந்த 'மீனவன் ஸயீத்' கதைதான் அவரை அறிமுகப்படுத்தியது. 1917 நவம்பரில், முதலாம் உலகப் போர் நடுவில், பிரித்தானியா துருக்கிக் கிலாபத்தோடு சண்டை போட்டுக்கொண்டிருந்த நேரத்தில், லண்டனில் ஒரு மேடையில் தான் முஸ்லிம் என்று பகிரங்கமாக அறிவித்தார். பிறகு பம்பாய் வந்து 1920 முதல் 1924 வரை 'பொம்பே குரோனிக்கல்' பத்திரிகை ஆசிரியர். அடுத்து ஹைதராபாத்தில் சாதர்காட் உயர்தரப் பாடசாலையின் அதிபர். ஆம், நம் தொழில்தான். அந்த இருபதுகளில் சென்னைக்கும் வந்து இஸ்லாமியப் பண்பாடு பற்றித் தொடர் சொற்பொழிவு ஆற்றினார். அதே சொற்பொழிவு வரிசையில் அவருக்குப் பின்னால் வந்தவர் அல்லாமா இக்பால். ஹைதராபாத் நிஸாம் கொடுத்த நீண்ட விடுமுறையில் குர்ஆன் வேலையை முடித்தார். 1930இல் அது வெளிவந்தது. மொழிபெயர்ப்பு என்று துணிந்து சொல்லாமல் 'பொருள்' என்று தலைப்பிட்டது அவருடைய அடக்கம்.

இவ்வளவும் செய்த ஒருவர், முஹம்மத் என்ற பெயரை ஏற்றுக்கொண்டவர், மர்மடியூக்கைக் கைவிடவில்லை.

கைவிட்டிருக்க வேண்டுமா? இங்கேதான் விஷயம் சுவாரசியமாகிறது. பெயர்களைப் பற்றி நபி (ஸல்) அவர்கள் என்ன செய்தார்கள் என்று ஹதீஸ்களில் தெளிவாக இருக்கிறது. பொருள் கெட்ட பெயர்களை மாற்றினார்கள். 'ஆஸியா', கீழ்ப்படியாதவள் என்ற பெயரை ஜமீலா ஆக்கினார்கள். (நம் ஊர் ஆஸியா உம்மாமார் யாரும் பதற வேண்டாம். உங்கள் பெயர் பிர்அவ்னின் மனைவியின் பெயர், அரபு எழுத்தே வேறு.) தன்னைத்தானே புகழ்வதுபோல் ஒலித்த 'பர்ரா'வை ஸைனப் ஆக்கினார்கள். 'ஹஸ்ன்', கரடுமுரடு என்ற பெயர் உள்ளவரிடம் ஸஹ்ல் என்று வைத்துக்கொள்ளச் சொன்னார்கள். அவர் என் தந்தை வைத்த பெயரை மாற்றமாட்டேன் என்று மறுத்துவிட்டார். அந்தக் கரடு எங்கள் குடும்பத்தில் நிலைத்துவிட்டது என்று பேரன் ஸயீத் இப்னு முஸய்யிப் பின்னாளில் சொன்னது புஹாரியில் இருக்கிறது. அல்லாஹ் அல்லாத ஒன்றுக்கு அடிமை என்று பொருள்படும் பெயர்களையும் மாற்றினார்கள். அப்துர் ரஹ்மான் இப்னு அவ்ஃப் (ரழி) அவர்களின் பழைய பெயர் அப்படிப்பட்டதுதான்.

ஆனால் உமர், காலித், பிலால், கதீஜா? இவை எல்லாம் இஸ்லாத்துக்கு முந்திய பெயர்கள். யாரும் மாற்றவில்லை. எகிப்திலிருந்து வந்த மாரியா (ரழி) அவர்கள் மாரியாவாகவே இருந்தார்கள், நபியின் மகன் இப்ராஹீமைப் பெற்றார்கள். பெயர் அரபா இல்லையா என்று அங்கே கேட்கப்படவில்லை. பொருள் என்ன என்றுதான் கேட்கப்பட்டது.

கண்டிப்பாகப் பார்த்தால், மேடோக்கின் அடியான் என்ற பெயர் மாற்ற வேண்டிய வகையில்தான் விழும். ஒரு மௌலவியிடம் இதைச் சொன்னபோது அவரும் அப்படித்தான் முதலில் சொன்னார். பிறகு அவரே யோசித்துவிட்டு, அந்தப் பெயரைச் சொல்லும் எவருக்கும் இன்று அந்தப் பொருள் விளங்குவதில்லையே, ஊராரின் வழக்கில் பொருள் செத்துவிட்டால் அது வெறும் ஓசைதானே என்றார். நான் மார்க்கத் தீர்ப்புச் சொல்லும் ஆள் இல்லை, அதை உலமாக்கள் பார்த்துக்கொள்ளட்டும். வரலாற்று ஆசிரியனாக எனக்குத் தெரிவது இவ்வளவு: 1875இல் அந்தப் பெயரைச் சூட்டிய போதகரின் வீட்டிலும் அது ஐரிஷ் துறவியின் நினைவாக ஒலித்திருக்காது. ஒரு பழைய ஆங்கிலப் பெயராகவே ஒலித்திருக்கும்.

இதை ஏன் இப்போது எழுதுகிறேன் என்றால், நம் பகுதியில் இரண்டு வருடத்துக்கு முன் இஸ்லாத்தை ஏற்ற ஒரு சகோதரர் இருக்கிறார். பெயர் சொல்லமாட்டேன். அவருக்கு அவருடைய தாய் வைத்தது நல்ல பொருளுள்ள ஒரு தமிழ்ப் பெயர். அதில் எந்தத் தெய்வத்தின் பெயரும் இல்லை. பள்ளிவாசலில் அவருக்கு ஒரு அரபுப் பெயர் கொடுத்தார்கள், அவரும் சந்தோஷமாக ஏற்றுக்கொண்டார். அதுவரைக்கும் சரி. அதற்குப் பிறகு யாராவது பழைய பெயரால் கூப்பிட்டால் மற்றவர்கள் திருத்துகிறார்கள். அவருடைய தாய் வீட்டுக்கு வந்து மகனை வாய் நிறையப் பழைய பெயரால் கூப்பிட்டபோது, அங்கிருந்த ஒருவர் அந்த அம்மாவையும் திருத்தினார். "அப்ப நான் பெத்த பிள்ளைய என்னெண்டு கூப்பிடுறது?" என்று அந்த அம்மா கேட்டாராம். அதற்குப் பிறகு அவர் வருவது குறைந்துவிட்டது.

பிறப்புச் சாட்சிப் பத்திரத்தில் ஒரு பெயர், அடையாள அட்டையில் அதே பெயர், வாயில் வேறு பெயர் என்று அந்தச் சகோதரர் படுகிற அலைச்சல் தனி. அவர் கேட்டது ஒன்றுதான்: "சேர், மாத்தாட்டி நான் அரைவாசி முஸ்லிமா?" நான் பிக்தாலின் புத்தகத்தை எடுத்து அட்டையைக் காட்டினேன்.

1936 மே 19இல் பிக்தால் கோர்ன்வோலில் மவுத்தானார். லண்டனுக்கு வெளியே புரூக்வூட் என்ற இடத்திலுள்ள முஸ்லிம் மையவாடியில் அடக்கினார்கள். 1953இல் அதே மையவாடிக்கு இன்னொருவரும் வந்து சேர்ந்தார், அப்துல்லாஹ் யூசுப் அலி. லிவர்பூலில் பள்ளிவாசல் அமைத்த வில்லியம் குவில்லியமும் அங்கேதான், அவர் தன் பெயரை அப்துல்லாஹ் என்று மாற்றிக்கொண்டவர். அல்லாஹ்வின் அடிமை என்று பொருள்படும் பெயருடைய இருவர், மேடோக்கின் அடிமை என்று பொருள்படும் பெயருடைய ஒருவர், மூவரும் கிப்லாவை நோக்கி ஒரே மண்ணில்.

நம் மூத்தாப்பா, மூத்தம்மாமாரின் பெயர்களும் இப்படித் தேய்ந்துகொண்டு வருகின்றன. சின்ன லெப்பை, இளையதம்பி, பிச்சைத்தம்பி, நாச்சியார் என்றெல்லாம் பழைய நிக்காஹ் பதிவுகளில் இருக்கிறது. இன்று அவை பிள்ளைகளுக்குச் சிரிப்பு. தங்கள் பூட்டனின் பெயரைச் சொல்லச் சொன்னால் வகுப்பில் பாதிப்பேருக்குத் தெரியவில்லை, தெரிந்தவர்களில் சிலருக்கு வெட்கம். இந்தத் தவணையில் தரம் ஒன்பது, பத்து மாணவர்களோடு சேர்ந்து ஊர்ப் பெயர்களின் ஒரு பட்டியல் தயாரிக்க நினைத்திருக்கிறேன். உங்கள் குடும்பத்தில் 1950க்கு முன் பிறந்தவர்களின் முழுப்பெயர், வீட்டில் கூப்பிட்ட பெயர், யார் வைத்தார்கள், ஏன் வைத்தார்கள் என்று தெரிந்ததைக் கீழே எழுதுங்கள். எழுத்து வராதென்று யோசிக்க வேண்டாம், குரல்பதிவாக அனுப்பினாலும் பிள்ளைகள் எழுதிக்கொள்வார்கள்.